வீடியோ கோப்பின் பெயரை வாலிலிருந்து படியுங்கள்

டவுன்லோடு ஃபோல்டரைத் திறந்தால் பெயரா பாஸ்வேர்டா என்று தெரியாத கோப்புகள் வரிசையாகக் கிடக்கும். அவற்றை முன்னாலிருந்து படித்தால் தலை சுற்றும். கடைசியிலிருந்து வாருங்கள்.

படி 1: கடைசிப் புள்ளிக்குப் பின்னால் இருப்பதைப் பாருங்கள். எம்பி4, எம்கேவி, எம்ஓவி என்றால் வீடியோ. ‘.எம்பி4.இஎக்ஸ்இ’ என்று முடிந்தால் அது வீடியோவே இல்லை, புரோகிராம், திறக்காதீர்கள். விண்டோஸ் பொதுவாக அந்த இஎக்ஸ்இ-யை மறைத்துவிடும், பார்க்க வெறும் எம்பி4 போலத்தான் இருக்கும். எக்ஸ்ப்ளோரரின் ‘வியூ’ மெனுவில் ‘ஃபைல் நேம் எக்ஸ்டென்ஷன்ஸ்’ என்பதை டிக் செய்துவிட்டால் குட்டு வெளிப்படும். மற்ற படிகளைத் தாண்டினாலும் இதைத் தாண்டாதீர்கள்.

படி 2: எண்கள். 720, 1080, 2160 எல்லாம் படத்தின் உயரம், பிக்ஸல் கணக்கில். எச்.264, எச்.265 என்பவை படத்தைச் சுருக்கிய முறை. 265-இல் அதே தரத்துக்கு இடம் குறைவாகப் பிடிக்கும்; பழைய டிவி திணறலாம்.

படி 3: தேதி. ‘விஐடி-20230814-டபிள்யூஏ0007’ என்று ஒன்று இருக்கிறதா? 2023, 8-ஆம் மாதம், 14-ஆம் தேதி. டபிள்யூஏ என்றால் வாட்ஸ்அப், 0007 அன்றைய வரிசை எண். ஆனால் இது அந்த போனில் கோப்பு சேர்ந்த நாள், எடுத்த நாள் அல்ல. இதை நம்பி வீட்டு வீடியோக்களை வருடவாரியாக அடுக்கினேன். எங்கள் பையன் பள்ளிக்கூடம் போன பிறகு முதல் அடி எடுத்து வைத்தான். யாரோ பழையதை மறுபடி ஃபார்வர்டு செய்திருக்கிறார்கள்.

படி 4: கேமரா பெயர்கள். கோப்ரோவில் ‘ஜிஎக்ஸ்010123’, ‘ஜிஎக்ஸ்020123’ என்று இருந்தால் இரண்டும் ஒரே பதிவின் துண்டுகள். முதல் இரண்டு இலக்கம் துண்டு எண், கடைசி நான்கும் வீடியோ எண். பெயர்வாரியாக அடுக்கினால் துண்டுகள் பிரிந்துபோவது இதனால்தான்.

அப்புறம், பெயரின் முடிவில் எழுத்தும் எண்ணும் கலந்து 11 குறிகள் ஒட்டியிருந்தால் அது பெரும்பாலும் யூடியூப் அடையாளக் குறி. பெரிய எழுத்து, சிறிய எழுத்து மாறாமல் அப்படியே தேடினால் மூல வீடியோ கிடைக்கலாம்.

பெயரை யார் வேண்டுமானாலும் மாற்றலாம், அதனால் ஒருமுறை சரிபாருங்கள். விஎல்சி பிளேயரில் ஓடவிட்டு கன்ட்ரோல், ஜே இரண்டையும் சேர்த்து அழுத்துங்கள். பெயரில் 2160 என்று போட்டிருக்கும். உள்ளே 720 உட்கார்ந்திருக்கும்.