வாடகைக்கு இருந்தவர் வீட்டைச் சேதப்படுத்தினால் இழப்பீடு வாங்குவது எப்படி?

காட்பாடி காந்தி நகரில் எங்கள் மாடி வீட்டை வாடகைக்கு விட்டிருந்தோம். காலி செய்த அன்று போய்ப் பார்த்தால் வாஷ்பேசின் உடைந்திருந்தது, இரண்டு ஜன்னலில் கண்ணாடி இல்லை, சமையல் மேடைக் கிரானைட்டில் நீளமாக விரிசல். பணம் கைக்கு வர எட்டு மாதம் ஆனது. அந்த எட்டு மாதத்தில் பாதி, நான் செய்த ஒரு தவறால் போனது.

ஒப்பந்தம் எழுதிப் பதிவு செய்திருப்பீர்கள் என்று வைத்துக்கொண்டு தொடங்குகிறேன்.

படி 1: சாவியை வாங்கும் முன், குடியிருந்தவரைக் கூட வைத்துக்கொண்டு அறை அறையாகப் பாருங்கள். சேதங்களை எழுதி இருவரும் கையெழுத்துப் போடுங்கள். அவர் மறுத்தால் பக்கத்து வீட்டார் இருவரைச் சாட்சியாக வையுங்கள். தனித்தனிப் படங்களைவிட, கேட்டில் தொடங்கி நிறுத்தாமல் எடுத்த ஒரே வீடியோவைத்தான் நான் நம்புவேன்.

படி 2: எதைக் கேட்கலாம், எதைக் கேட்கக் கூடாது என்று பிரியுங்கள். நான் சறுக்கியது இங்கேதான். வீடு முழுக்கப் பெயிண்ட் அடித்த செலவையும் சேர்த்து நோட்டீஸ் அனுப்பிவிட்டேன். எதிர்த்தரப்பு வழக்கறிஞர் தமிழ்நாட்டு வாடகைச் சட்டம் 2017-இன் இரண்டாம் அட்டவணையைக் காட்டிப் பதில் போட்டார். சுவருக்கு வெள்ளையடிப்பது, கதவு ஜன்னலுக்குப் பெயிண்ட், பைப் மாற்றுவது, வயரிங் எல்லாம் உரிமையாளர் பொறுப்பு. தண்ணீர் திறக்கும் டேப், வாஷ்பேசின், கீசர், சுவிட்ச், பூட்டு, ஜன்னல் கண்ணாடி ஆகியவற்றின் பழுது குடியிருப்பவர் பொறுப்பு. கட்டுமானப் பழுது நம்முடையதுதான், ஆனால் குடியிருந்தவர் உண்டாக்கிய சேதம் அதில் சேராது. என் கிரானைட் மேடையை அலட்சியத்தால் வந்த சேதமாகக் கேட்டேன். புழங்கிப் புழங்கித் தேய்ந்ததற்குக் காசு கேட்க முடியாது. 1882-ஆம் ஆண்டுச் சொத்து மாற்றுச் சட்டமும் அதையே சொல்கிறது. தேவையில்லாத ஒன்றைச் சேர்த்தால் நியாயமான தொகையையும் சந்தேகிப்பார்கள்.

படி 3: பில் வாங்குங்கள். மேஸ்திரி வாயால் சொன்ன கணக்கு செல்லாது. பழைய பொருளைத் தூக்கி எறியாதீர்கள்.

படி 4: செலவை அட்வான்ஸில் பிடித்துக்கொண்டு, மீதியைக் கணக்கோடு ஒரு மாதத்துக்குள் திருப்பிக் கொடுங்கள். செலவு அட்வான்ஸைத் தாண்டினால் நோட்டீஸ் அனுப்புங்கள். அதிகப்படியான தொகையை அவர் ஒரு மாதத்தில் கட்ட வேண்டும். வாட்ஸ்அப்பில் சொன்னது போதும் என்று இருந்துவிடாதீர்கள். பதிவுத் தபாலை 2025-இல் விரைவுத் தபாலோடு இணைத்துவிட்டதால், விரைவுத் தபாலில் ஒப்புகை கேட்டு அனுப்புங்கள்.

படி 5: அப்புறமும் தரவில்லையா? நேராக வழக்குக்குப் போகாமல், சட்ட உதவி தரும் அரசு அமைப்பான மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் மனு கொடுங்கள். வேலூர் சத்துவாச்சாரி நீதிமன்ற வளாகத்துக்குப் போய் நான் அதைத்தான் செய்தேன். அவர்கள் நடத்தும் மக்கள் நீதிமன்றத்தில் (லோக் அதாலத்) சமரசமானால் அந்தத் தீர்வு உரிமையியல் நீதிமன்றத் தீர்ப்பாணைக்குச் சமம், மேல்முறையீடும் கிடையாது. சமரசம் ஆகாவிட்டால் வழக்கறிஞரைப் பாருங்கள். ஒப்பந்த மீறலுக்கான இழப்பீட்டு வழக்குக்குக் காலக்கெடு மூன்று ஆண்டு.

பின்சேர்க்கை: படங்களை வாட்ஸ்அப்பில் அனுப்பிவிட்டுப் போனில் அழித்துவிட்டதாக ஒருவர் கருத்துப் பகுதியில் எழுதியிருந்தார். தயவுசெய்து அப்படிச் செய்யாதீர்கள். வாட்ஸ்அப் படத்தைச் சுருக்கிவிடும், எடுத்த தேதி விவரமும் போய்விடும். அதோடு, 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள புதிய சாட்சியச் சட்டத்தின் 63-ஆம் பிரிவுப்படி படம், வீடியோ போன்ற மின்னணுப் பதிவை நீதிமன்றத்தில் காட்டும்போது அதற்குச் சான்றிதழ் தர வேண்டும். ஒரு பகுதியில் நீங்களும் மற்றொரு பகுதியில் ஒரு நிபுணரும் கையெழுத்திட வேண்டும். மூலக் கோப்பு போனில் அப்படியே இருக்கட்டும், ஒரு பிரதியைப் பென்டிரைவிலும் வைத்துக்கொள்ளுங்கள்.