லாரி இடித்துக் கால் உடைந்தால்: இழப்பீட்டு மனுவுக்கு முதல்முறை போகிறவர்களுக்கு

தொப்பூர் கணவாயில் பின்னால் வந்த லாரி உங்கள் பைக்கை இடித்துவிட்டது, கால் எலும்பு முறிந்துவிட்டது என்று வைத்துக்கொள்வோம். "கேஸெல்லாம் உடம்பு தேறின பிறகு பார்த்துக்கலாம்" என்று வீட்டில் சொல்வார்கள். மனுவை அப்புறம் போடலாம். ஆனால் மனுவின் உயிர் முதல் நாள் காகிதங்களில்தான் இருக்கிறது.

படி 1: ஆஸ்பத்திரியில் சொல்லும் முதல் வார்த்தை. கேஷுவாலிட்டி டாக்டர் "எப்படி அடிபட்டது?" என்று கேட்டு விபத்துப் பதிவேட்டில் எழுதுவார். பதற்றத்தில் கூட வந்தவர், "வண்டியிலிருந்து விழுந்துட்டார் சார்" என்பார். அந்த ஒரு வரி போதும். தானாக விழுந்தவருக்கு நாங்கள் ஏன் கொடுக்க வேண்டும் என்று இன்சூரன்ஸ் தரப்பு பின்னால் அதையே நீட்டும். "அடையாளம் தெரிந்த லாரி பின்னால் இடித்தது" என்று சொல்லுங்கள். நம்பர் தெரிந்தால் அதையும் சொல்லி, எழுதியதை வாசிக்கச் சொல்லிக் கேளுங்கள்.

படி 2: எஃப்.ஐ.ஆர். "ஸ்டேஷனிலேயே பேசி முடிச்சுக்கலாம், டிரைவர் பாவம், அவன் எங்கே போவான் பணத்துக்கு?" இந்த இரக்கம் நல்லதுதான், ஆனால் இடம் தவறு. லாரிக்குச் செல்லுபடியாகும் இன்சூரன்ஸ் இருந்தால் பணம் கொடுப்பது பெரும்பாலும் கம்பெனிதான். புகார் கொடுத்தவருக்கு எஃப்.ஐ.ஆர் நகல் இலவசம், கேட்டு வாங்குங்கள். எம்-பரிவாகன் செயலியில் லாரி நம்பரைப் போட்டு இன்சூரன்ஸ் விவரத்தைப் பார்த்து வையுங்கள்.

வண்டி நிற்காமல் போய், கண்டுபிடிக்கவே முடியவில்லை என்றால்? அதற்கும் அரசுத் திட்டம் உண்டு: கொடுங்காயத்துக்கு 50,000 ரூபாய், உயிரிழப்புக்கு 2 லட்சம்.

படி 3: காகிதக் கட்டு. டிஸ்சார்ஜ் சம்மரி, காயச் சான்றிதழ், எக்ஸ்ரே, மருந்து பில், ஆட்டோ செலவு எல்லாம் ஒரே மஞ்சள் பைக்குள். சம்பளச் சீட்டு இல்லாதவர்கள் அஞ்ச வேண்டாம். பாலக்கோடு மண்டியில் தக்காளிக் கூடை தூக்குகிறவருக்கும், வீட்டு வேலை மட்டும் பார்க்கிற பெண்ணுக்கும் கோர்ட் ஒரு வருமானத்தைக் கணக்கிட்டுக்கொள்ளும்.

படி 4: எங்கே, எப்போது. விபத்து சேலத்தில் நடந்தால் சேலத்துக்கே அலைய வேண்டும் என்பது தவறு. நீங்கள் கிருஷ்ணகிரியில் குடியிருந்தால் அங்குள்ள விபத்துத் தீர்ப்பாயத்திலேயே மனு போடலாம். சட்டத்தில் காலக்கெடு ஆறு மாதம். எலும்பு கூடட்டும் என்று காத்திருந்து அதைத் தாண்டிவிடாதீர்கள்.

படி 5: வக்கீல். "வர்ற பணத்தில் இத்தனை சதவீதம்" என்ற பேச்சு ஊரில் சகஜம். ஆனால் ஜெயித்தால் பங்கு என்று ஃபீஸ் பேசுவதை பார் கவுன்சில் விதி தடை செய்கிறது. வெற்றுத் தாளில் கையெழுத்து மட்டும் வேண்டவே வேண்டாம். பெண்களுக்கும் பட்டியலின, பழங்குடியினருக்கும் மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் வக்கீல் இலவசம். 15100-க்கு போன் போட்டுக் கேளுங்கள்.

படி 6: தொகை. டாக்டர் போட்ட ஊனச் சதவீதம் அப்படியே தொகையாகிவிடும் என்று நினைக்கிறார்கள். இல்லை. ஊனம் உங்கள் தொழிலை எவ்வளவு முடக்கியது என்பதே கேள்வி. ஒரே முழங்கால் மடங்காமை, கணக்கு எழுதுகிறவருக்குச் சின்ன இழப்பு. மூட்டை தூக்குகிறவருக்குப் பிழைப்பே போச்சு. மாதம் 12,000 சம்பாதிக்கும் 35 வயதுக்காரருக்கு உழைப்பில் 25 சதவீதம் குறைந்ததாகக் கோர்ட் ஏற்றால், வயதுக்கான பெருக்கல் எண் (எத்தனை வருட வருமானம் என்று கணக்கிடும் எண்) 16. அதாவது 12,000 × 12 × 16, அதில் கால் பங்கு: 5,76,000. மருத்துவச் செலவும் வலிக்கான தொகையும் இதற்கு மேல். ஹெல்மெட் போடவில்லை என்பதற்காகவே மனு விழுந்துவிடாது, தொகை வேண்டுமானால் குறையலாம்.

வழக்கு நடக்கும்போது நடுவில் லோக் அதாலத்தில், அதாவது சமரசமாக முடிக்கும் மக்கள் நீதிமன்றத்தில், பேசலாம் என்பார்கள். சீக்கிரம் முடியும், நல்ல வழிதான். ஆனால் அங்கே ஒப்புக்கொண்டதற்கு மேல்முறையீடு கிடையாது. அதனால் மேலே போட்ட கணக்கை உங்கள் வருமானத்துக்கு ஒருமுறை போட்டு, சீட்டைச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு போங்கள்.