கொஸ்தான்சோ: ஓர் அரிய இத்தாலியப் பெயரும் அதைச் சுற்றிய குழப்பங்களும்

வீரமாமுனிவரின் இயற்பெயர் என்ன? பள்ளியில் தமிழ் படித்த யாரைக் கேட்டாலும் யோசிக்காமல் சொல்வார்கள்: கான்ஸ்டன்டைன் ஜோசப் பெஸ்கி. ஒரு மதிப்பெண் கேள்வி அது. ஆனால் 1738-இல் தரங்கம்பாடியில் அச்சான அவருடைய கொடுந்தமிழ் இலக்கண நூலின் முகப்பில் லத்தீனில் இருக்கும் பெயர் வேறு. அங்கே அவர் கோன்ஸ்தான்தியுஸ். அதன் இத்தாலிய வடிவம்தான் கொஸ்தான்சோ.

ஜுசெப்பே என்பதை ஜோசப் ஆக்கியதில் குற்றம் இல்லை. இரண்டும் ஒரே பெயர். கொஸ்தான்சோவைக் கான்ஸ்டன்டைன் ஆக்கியது அப்படிப்பட்ட மாற்றம் அல்ல. இது ஏதோ நம் பாடநூல்கள் மட்டும் செய்த பிழை என்றும் நினைக்க வேண்டாம். இன்று இத்தாலியிலேயே பிள்ளைகளுக்கு அரிதாக வைக்கப்படும் இந்தப் பெயரைப் பற்றி, குழந்தைப் பெயர் தேடுவோர் படிக்கும் இணையதளங்கள் முதல் பயணக் குறிப்புகள் வரை ஒரே மாதிரியான தவறுகள் திரும்பத் திரும்ப வருகின்றன.

கொஸ்தான்சோவும் கான்ஸ்டன்டைனும் ஒன்றல்ல

லத்தீனில் கோன்ஸ்தான்ஸ் என்றொரு சொல். 'உறுதியாக நிற்கிற' என்று பொருள். அதிலிருந்து மூன்று பெயர்கள் கிளைத்தன. சொல் அப்படியே பெயரானது ஒன்று, இத்தாலியனில் கொஸ்தான்தே. '-இயுஸ்' சேர்ந்து கோன்ஸ்தான்தியுஸ் ஆனது இன்னொன்று, அது கொஸ்தான்சோ. '-இனுஸ்' சேர்ந்து கோன்ஸ்தந்தினுஸ் ஆனது மூன்றாவது. அதுதான் இத்தாலியனில் கொஸ்தந்தீனோ, ஆங்கிலத்தில் கான்ஸ்டன்டைன். மூன்றும் ஒரே வேர், ஆனால் மூன்றும் தனித்தனிப் பெயர்கள். ராமன், ராமையா, ராமநாதன் மூவரையும் ஒரே ஆள் என்று எந்தத் தாலுகா அலுவலகமும் ஒப்புக்கொள்ளாது அல்லவா?

இவற்றை ஒன்றாக்கினால் என்ன ஆகும் என்பதற்கு நான்காம் நூற்றாண்டு ரோமப் பேரரசின் வரலாறே சாட்சி. இன்றைய இங்கிலாந்தின் யார்க் நகரில் 306-இல் இறந்துபோன பேரரசர் கோன்ஸ்தான்தியுஸ். பிற்காலத்தார் அவருக்கு 'வெளிறியவர்' என்ற பொருளில் குளோரஸ் என்று பட்டப்பெயர் வைத்தார்கள். அவர் தன் மகனுக்கு வைத்த பெயர் கோன்ஸ்தந்தினுஸ். தகப்பன் பெயரைச் சற்றே நீட்டி மகனுக்கு வைப்பது ரோமர்களின் வழக்கம். அந்த மகன்தான் கிறிஸ்தவத்துக்கு அரசின் கதவைத் திறந்துவிட்ட 'மகா' கான்ஸ்டன்டைன். ஆக, கொஸ்தான்சோ அப்பா, கொஸ்தந்தீனோ பிள்ளை. கொஸ்தான்சோ என்பது கொஸ்தந்தீனோவின் சுருக்கம் என்று சில பெயர்ப் பட்டியல்களில் எழுதியிருப்பார்கள், அது தலைகீழ்.

கதை அதோடு நிற்கவில்லை. 337-இல் மகா கான்ஸ்டன்டைன் இறந்தபோது ஆட்சியைப் பங்கு போட்டுக்கொண்ட மூன்று மகன்களின் பெயர்கள்: கோன்ஸ்தந்தினுஸ், கோன்ஸ்தான்தியுஸ், கோன்ஸ்தான்ஸ். மூத்தவர் 340-இல் கடைசித் தம்பி கோன்ஸ்தான்ஸோடு மோதி மாண்டார். அந்தக் கடைசித் தம்பி 350-இல் கொல்லப்பட்டார். நடுவில் இருந்த கோன்ஸ்தான்தியுஸ் மட்டும் 361 வரை தாக்குப்பிடித்தார். இந்த மூவரையும் கலக்காமல் எழுதி முடிக்கிற வரலாற்று மாணவர் பாராட்டுக்குரியவர்.

இத்தாலியர்களே இந்தக் குழப்பத்துக்குத் தப்பவில்லை. ரோமில் நோமென்தானா சாலையோரம் சாந்தா கொஸ்தான்சா என்ற வட்ட வடிவத் தேவாலயம் இருக்கிறது. உள்ளே வளைந்த கூரை முழுக்க நான்காம் நூற்றாண்டு மொசைக்: திராட்சைக் கொடிகள், பழம் பறிக்கும் ஆட்கள், வண்டியில் ஏற்றுகிறவர்கள், காலால் மிதித்துச் சாறு பிழிகிறவர்கள். பெயரைப் பார்த்து கொஸ்தான்சா என்ற புனிதைக்காகக் கட்டியது என்று நினைப்போம். உண்மையில் அது கான்ஸ்டன்டைனின் மகள் கோன்ஸ்தந்தினாவின் கல்லறை மண்டபம். மக்கள் நாக்கில் கோன்ஸ்தந்தினா கொஸ்தான்சாவாக மாறி, அதுவே நிலைத்துவிட்டது.

'அஞ்சாதவன்' என்ற பொருள் எங்கிருந்து வந்தது?

கான்ஸ்டன்டைன் என்றால் அஞ்சாதவன், ஆகவேதான் தைரியநாதர், அதைச் செந்தமிழாக்கி வீரமாமுனிவர் — இந்த விளக்கத்தைத் தமிழில் எல்லா இடத்திலும் பார்க்கலாம். லத்தீன் அகராதியைத் திறந்தால் அங்கே அச்சமும் இல்லை, வீரமும் இல்லை. 'கோன்' என்பது 'சேர்ந்து, முழுமையாக' என்று அழுத்தம் தரும் முன்னொட்டு. 'ஸ்தாரே' என்பது நிற்றல். நின்ற இடத்தில் நிற்பது, சொன்ன சொல்லில் நிற்பது, நிலை குலையாமல் இருப்பது. அவ்வளவுதான். இதே வினைச்சொல் 'இவ்வளவு விலைக்கு நிற்கிறது' என்ற பொருளுக்கும் போனது. இத்தாலியச் சந்தையில் தக்காளியைக் காட்டி 'குவான்தோ கோஸ்தா?' என்று விலை கேட்கிறோமே, அந்தக் கோஸ்தாவும் கொஸ்தான்சோவும் உறவுக்காரர்கள்.

அப்படியானால் தைரியநாதர் என்ற பெயர் தவறா? இல்லை, அது மிகச் சரி. தைரியம் வடமொழிச் சொல். அதன் முதற்பொருள் உறுதி, நிலைகுலையாமை, கலங்காமை. லத்தீன் சொல்லுக்கு இதைவிடப் பொருத்தமாக ஒன்றைத் தேடிப் பிடிப்பது கடினம். பழைய பொருள் தமிழிலும் சாகவில்லை. துக்க வீட்டில் போய் 'மனசைத் தைரியமா வெச்சுக்கோ' என்று கையைப் பிடித்துச் சொல்கிறோம். அங்கே யாரும் யாரையும் சண்டைக்கு அனுப்பவில்லை. நொறுங்கிப் போகாதே என்றுதான் சொல்கிறோம்.

பிறழ்ச்சி அடுத்த படியில் நடந்தது. தைரியம் என்றாலே துணிச்சல் என்ற பொருள் முன்னுக்கு வந்தது. தைரியம் வீரமானது. அப்புறம் வீரத்தை வைத்துக்கொண்டு பின்னோக்கிப் போய், மூலப் பெயருக்கே 'அஞ்சாதவன்' என்று பொருள் எழுதிவிட்டார்கள். மொழிபெயர்ப்பை மூலத்தின் மேல் ஏற்றுவது பெயர் விளக்கங்களில் மிகச் சகஜமான தவறு. வீரமாமுனிவர் என்ற பெயரை யாரும் இனி மாற்றப்போவதில்லை, மாற்றவும் வேண்டாம். அது தமிழில் தன் காலிலேயே நிற்கிற பெயர். கொஸ்தான்சோவுக்கு அகராதி எழுதும்போது மட்டும் அதைக் கொண்டுவராமல் இருந்தால் போதும். தமிழில் நெருக்கமான சொல் வேண்டுமென்றால் குறளிலேயே இருக்கிறது: 'நிலையின் திரியாது அடங்கியான் தோற்றம் மலையினும் மாணப் பெரிது.' அந்த 'நிலையின் திரியாமை'தான் கொஸ்தான்சோ. இந்தக் குறளையும் சேர்த்து அறத்துப்பால், பொருட்பால் இரண்டையும் லத்தீனுக்குக் கொண்டுபோனவர் அதே பெயரைத் தாங்கியவர் என்பது நல்ல பொருத்தம்.

இந்தப் பெயர்க்காரர்கள் பிடிவாதக்காரர்கள், அவர்களின் ராசி எண் இது, நிறம் அது என்று போகும் பக்கங்களைப் பற்றிச் சொல்ல ஒன்றுமில்லை.

'ன்' எங்கே போனது?

பலர் இந்தப் பெயரைக் கான்ஸ்டான்ஸோ, கான்ஸ்டன்ஸோ என்று எழுதுகிறார்கள். முன்பாதி லத்தீன், பின்பாதி இத்தாலியன். ஒட்டுப்போட்ட வடிவம் இது. பெஸ்கியைப் பற்றிய ஆங்கிலக் குறிப்புகளிலும் தாராளமாகப் புழங்குகிறது.

லத்தீனில் 'ஸ்'-க்கு முன்னால் வரும் 'ன்' மிகப் பழங்காலத்திலேயே பேச்சில் கரைந்துவிட்டது. கோன்சுல் என்ற பதவிப் பெயரைக் கல்வெட்டில் சுருக்கும்போது ரோமர்கள் 'ன்' இல்லாமல் 'கோஸ்' என்றுதான் வெட்டினார்கள். அந்தப் பழக்கம் இத்தாலியனில் நிலைத்தது. மாதம் என்ற மென்சிஸ் மேசே ஆனது. மணப்பெண் ஸ்போன்சா ஸ்போசா ஆனாள். தீவு என்ற இன்சுலா ஈசோலா ஆனது. கோன்ஸ்தான்தியுஸின் முதல் 'ன்' போனதும் இதே வழியில். இரண்டாவது 'ன்' பிழைத்ததற்குக் காரணம், அதற்கு அடுத்து வந்தது 'ஸ்' அல்ல, 'த்'.

கடைசி '-தியுஸ்' எப்படி '-சோ' ஆனது என்பதற்கு நமக்குத் தெரிந்த பெயர்களே போதும். லவுரென்தியுஸ் லொரென்சோ ஆனார். வின்கென்தியுஸ் வின்சென்சோ ஆனார். ஊரார் வாயில் தேய்ந்து வந்த பெயர்கள் இப்படி '-சோ' என்று முடியும். படித்தவர்கள் ஏட்டிலிருந்து எடுத்த பெயர்கள் பெரும்பாலும் '-சியோ' என்று நிற்கும், தெரென்சியோ, ஃபுல்ஜென்சியோ மாதிரி. கொஸ்தான்சோ முதல் வகை.

உச்சரிப்பில் ஒரு நுணுக்கம். இத்தாலியரின் 'த' நம் தகரம்போலப் பல்லில் நாக்கு படும் ஒலி. ஆங்கில வழியாக வரும் டகரம் இங்கே வேண்டியதில்லை. முடிவில் வரும் ஒலி 'த்ஸோ'வுக்கு நெருக்கம். எழுத்தில் 'சோ' என்றே வைத்துக்கொள்ளலாம். அழுத்தம் நடு அசையில்: கொஸ்-தான்-சோ. பெஸ்கியைப் பொறுத்தவரை தமிழர்கள் முழு மதிப்பெண் வாங்கிவிட்டார்கள். ஆங்கிலம் மட்டும் தெரிந்தவர்கள் எழுத்தைப் பார்த்துப் 'பெஷ்ஷி', 'பெஸ்ச்சி' என்று தடுமாறும் இடத்தில், இத்தாலியர் சொல்வதுபோலவே பெஸ்கி என்று ககரம் போட்டு எழுதுகிறோம்.

பெண்பாலும் குடும்பப் பெயரும்

கொஸ்தான்சா பெண் பெயர், கொஸ்தான்சோ ஆண் பெயர். ஓர் எழுத்துதான் வித்தியாசம், ஆனால் தேடுபொறிகள் இரண்டையும் கலந்துதான் கொட்டும். சிசிலியின் அரசியும் பேரரசர் இரண்டாம் ஃபிரடெரிக்கின் தாயுமான கொஸ்தான்சா 1198-இல் இறந்தவர். இத்தாலியக் கவி தாந்தே தன் காவியத்தின் சொர்க்கப் பகுதியில் அவரைப் பாடியிருக்கிறார். அவர் புகழை ஆண் பெயரின் கணக்கில் எழுதுவது சரியல்ல. 'கொஸ்தான்சா' இத்தாலியனில் விடாமுயற்சி என்ற சாதாரணச் சொல்லாகவும் இருப்பதால், அதிலிருந்து ஆண் பெயர் வந்தது என்று சிலர் முடிவு கட்டுகிறார்கள். ஆண் பெயர் நேராக லத்தீன் ஆண் பெயரிலிருந்து வந்தது.

குடும்பப் பெயர் விஷயமும் உண்டு. 2023-இல் மறைந்த தொலைக்காட்சி நிகழ்ச்சியாளர் மவுரீட்சியோ கொஸ்தான்சோவை இத்தாலியில் தெரியாதவர்கள் குறைவு. ஆனால் அவருக்கு அது குடும்பப் பெயர். 16-ஆம் நூற்றாண்டு நேப்பிள்ஸ் கவிஞரும் வரலாற்றாசிரியருமான ஆஞ்செலோ தி கொஸ்தான்சோவுக்கும் அப்படியே. ரோமின் கொஸ்தான்சி அரங்கம், 1900-இல் இசையமைப்பாளர் புச்சினியின் 'தோஸ்கா' என்ற இசைநாடகம் முதன்முதலில் மேடையேறிய இடம், அதைக் கட்டிய தொமேனிகோ கொஸ்தான்சியின் குடும்பப் பெயரால் வந்தது. இட்ட பெயராகவே தாங்கியவர்கள் வேண்டுமென்றால் 1545-இல் இறந்த இசையமைப்பாளர் கொஸ்தான்சோ ஃபெஸ்தா, 1601-இல் இறந்த கிரெமோனாக்காரர் கொஸ்தான்சோ போர்த்தா ஆகியோரைச் சொல்லலாம். பெயர் பெற்றவர்கள் எல்லாம் இசைஞரும் முனிவரும்தான் என்றும் இல்லை: முசோலினியின் ஆட்சியில் அமைச்சராக இருந்த கடற்படைக்காரர் கொஸ்தான்சோ சியானோவும் உண்டு.

ஜெர்மனியின் தென்கோடியில் ஏரிக்கரையில் இருக்கும் கொன்ஸ்டான்ஸ் நகரத்தின் பெயரால் பிள்ளைகளுக்குப் பெயர் வைத்தார்கள் என்பதும் திருப்பிப் போட்ட கதை. அந்த நகரம்தான் கோன்ஸ்தான்தியுஸ் என்ற ரோமப் பேரரசர் ஒருவரின் பெயரைத் தாங்குகிறது.

பெயர்த் திருநாள் எது?

இத்தாலியில் பிறந்தநாள்போலவே, தன் பெயருள்ள புனிதரின் திருநாளையும் கொண்டாடுவார்கள். கொஸ்தான்சோ என்ற புனிதர் ஒருவர்தான் என்று நினைத்து ஒரே தேதியை எழுதிவிடுவது வழக்கமான தவறு. பெருஜா நகரத்தின் முதல் ஆயர் என்று மரபு சொல்லும் கொஸ்தான்சோவுக்கு ஜனவரி 29. காப்ரித் தீவின் காவல் புனிதர் கொஸ்தான்சோவுக்கு மே 14. கான்ஸ்டான்டினோபிளிலிருந்து கடல் வழியாக வந்தவர் என்பது தீவு மக்களின் கதை. வடக்கே பீட்மாண்ட்டில் வில்லார் சான் கொஸ்தான்சோ என்ற ஊருக்கே பெயர் கொடுத்தவர், கிறிஸ்தவ விசுவாசத்துக்காகக் கொல்லப்பட்டதாக மரபு சொல்லும் தேபான் என்ற ரோமப் படைப்பிரிவைச் சேர்ந்த வீரராகச் சொல்லப்படும் வேறொரு மறைசாட்சி.

பெருஜாவில் திருநாளுக்கு முந்தைய மாலை விளக்கு ஊர்வலம். அன்று கடைகளில் தோர்கோலோ என்ற வளைய ரொட்டி கிடைக்கும்: உலர்திராட்சை, பைன் கொட்டை, சர்க்கரைப் பாகில் ஊறிய நாரத்தைத் தோல், சோம்பு போட்டு, மேலே ஐந்து கீறல் கீறிச் சுட்டது. ஐந்து கீறலும் நகரின் ஐந்து பழைய வாயில்களாம். கல்யாணமாகாத பெண்கள் தேவாலயத்தில் புனிதரின் படத்தைப் பார்த்து நின்றால், வெளிச்சம் விழுகிற வாகில் அவர் கண் சிமிட்டுவது போலத் தெரியுமாம். தெரிந்தால் அந்த வருஷம் கல்யாணம். சிமிட்டவில்லையென்றால் காதலன் ஒரு தோர்கோலோ வாங்கிக் கொடுத்து ஆறுதல் சொல்ல வேண்டும். ஆகவே இந்தப் பெயருள்ள ஒருவருக்கு வாழ்த்து அனுப்புமுன் அவர் குடும்பம் எந்த ஊர் என்று கேட்டுக்கொள்வது நல்லது. காப்ரிக்காரருக்கு ஜனவரியில் வாழ்த்து போனால், மூன்றரை மாதம் முன்கூட்டியே வந்துவிட்டது என்றுதான் நினைப்பார்.