கார் ஸ்கான் கேபிளை வீட்டுக் கணினியில் பொருத்துவது

காரின் பிழைக் கோட்களைக் கணினியில் வாசிக்க ஸ்கான் கேபிள் உதவும். காருக்குக் கிட்டப் போக முன்னம் அந்தக் கேபிளை வீட்டுக்குள்ளேயே கணினியோடு சேர்த்துப் பாருங்கள். கோண்டாவில் வெயிலில், காருக்குள் லப்டொப்பை மடியில் வைத்துக்கொண்டு கேபிளுக்கான டிரைவர் மென்பொருளைத் தேடுவது பெரிய அவஸ்தை.

நான் பாவிப்பது யூ.எஸ்.பி. உள்ள இ.எல்.எம். 327 என்ற வகை ஸ்கான் கேபிள். விண்டோஸ் கணினியில் செருகியதும் டிவைஸ் மனேஜரைத் திறந்து, போர்ட்ஸ் பகுதியில் ‘கொம் 5’ போல ஓர் இலக்கம் வந்திருக்கிறதா என்று பாருங்கள். மஞ்சள் அடையாளம் தெரிந்தால் டிரைவர் இல்லை. கேபிளுக்குள் பெரும்பாலும் சி.எச். 340 அல்லது எஃப்.டி.டி.ஐ. சிப் இருக்கும். அந்தந்தச் சிப் நிறுவனத்தின் தளத்திலிருந்தே டிரைவரை இறக்குங்கள். யூ.எஸ்.பி. துளையை மாற்றினால் கொம் இலக்கமும் மாறக்கூடும், அதனால் எப்போதும் ஒரே துளையில் செருகுங்கள்.

சரி, இனிக் கார். ஸ்டியரிங்குக்குக் கீழே, முழங்கால் படும் இடத்தில் 16 பின் சொக்கட் இருக்கும். கேபிளை நேராக அழுத்திச் செருகுங்கள். எங்கள் ரொயோட்டா அக்குவாவில் பிரேக்கை மிதிக்காமல் பவர் பொத்தானை இரண்டு தரம் அழுத்தினால் போதும். மற்றக் கார்களில் திறப்பை ‘ஒன்’ வரை திருப்புங்கள்.

ஸ்கான் மென்பொருளைத் திறக்க முன்னம் நான் ‘புட்டி’யில்தான் சோதிப்பேன், அது கேபிளுக்கு நேரடியாகக் கட்டளை அடித்துப் பதில் பார்க்க உதவும் இலவச மென்பொருள். சீரியல், கொம் இலக்கம், வேகம் 38400 என்று கொடுத்து, 0105 என்று அடித்து என்டர் தட்டுங்கள். ‘41 05 78’ போல ஒரு பதில் வரும். கடைசி 78 பதினாறை அடியாகக் கொண்ட எண், அதாவது 7×16 + 8 = 120. அதில் 40ஐக் கழித்தால் 80. என்ஜின் கூலண்டின் சூடு 80 பாகை செல்சியஸ்! இந்த ஒரு வரி வந்துவிட்டால் டிரைவர், கேபிள், கார் மூன்றும் சரி. புரியாத குறிகள் கொட்டினால் வேகம் பிழை, 9600 அல்லது 115200 போட்டுப் பாருங்கள்.

அப்புறம் புட்டியை மூடிவிட்டு மென்பொருளைத் திறவுங்கள். ஒரே போர்ட்டை இரண்டு மென்பொருள்கள் பிடிக்க முடியாது.

ஜப்பானிலிருந்து வந்த சில பழைய ரொயோட்டாக்கள் இந்த இ.எல்.எம். கேபிளுக்குப் பதில் சொல்லாது. அவற்றுக்கு மினி வி.சி.ஐ. என்ற வேறு கேபிளும் ரொயோட்டாவின் டெக்ஸ்ட்ரீம் மென்பொருளும் வேண்டும், அதில் பிரதேசம் ஜப்பான் என்று தெரிவு செய்யுங்கள்.

மென்பொருளில் பிழைக் கோட் வந்ததும் அழிக்கும் பொத்தானில் கை வைக்காதீர்கள். பிழை பதிவான நேரத்து வேகம், என்ஜின் சுற்று, சூடு எல்லாம் ஃபிரீஸ் ஃபிரேமில் இருக்கும், கோட்டை அழித்தால் அதுவும் போய்விடும். முதலில் திரையைப் படம் பிடித்து மெக்கானிக் அண்ணையிடம் காட்டுங்கள். வேலை முடிந்ததும் கேபிளைக் கழற்றிவிடுங்கள், காரை நிறுத்தினாலும் அந்தச் சொக்கட்டில் பற்றரி மின்சாரம் இருந்துகொண்டே இருக்கும்.