ஸ்விட்சைப் புதுப்பிக்கும் முன் கிளைகளின் வகையைப் பாருங்கள்

நான் பராமரிக்கும் அறிக்கை மென்பொருளில், சி ஷார்ப் நிரல்மொழியில் எழுதிய ஒரு பழைய ஃபங்ஷன் இருக்கிறது. நெடுவரிசையின் பெயரைக் கொடுத்தால் அதன் மதிப்பை ஆப்ஜெக்டாக, அதாவது எந்த வகை மதிப்பையும் ஏற்கும் பொதுப் பெட்டியாகத் தரும். ரசீது எண் லாங் (பெரிய முழு எண்), எடை டபுள் (தசம எண்). உள்ளே ஸ்விட்ச் என்ற பல கிளைத் தேர்வு; ஒவ்வொரு கேஸுக்கும், அதாவது கிளைக்கும், மதிப்பைத் திருப்பித் தரும் ஒரு ரிட்டர்ன். 2019இல் சி ஷார்ப் 8 கொண்டுவந்த ஸ்விட்ச் எக்ஸ்பிரஷனாக (முழுத் தேர்வும் ஒரே மதிப்பாக அமையும் சுருக்க வடிவம்) இதை மாற்றினால் வரிகள் பாதியாகும். பார்க்க அழகுதான். ஆனால் ரசீது எண்ணும் டபுளாகிவிடும்.

பழைய வடிவில் ஒவ்வொரு ரிட்டர்னும் தனித்தனியாக ஆப்ஜெக்டுக்குப் போகும். புதிய வடிவிலோ எல்லாக் கிளைகளுக்கும் பொதுவான ஒரு வகை கிடைக்குமா என்றுதான் நிரலை மொழிபெயர்க்கும் கம்பைலர் முதலில் தேடும். லாங் தானாகவே டபுளாக மாறக்கூடியது. எனவே டபுள் பொதுவகை ஆகிவிடும். ஆப்ஜெக்ட் பிறகுதான் கணக்கில் வரும். டபுளில் இவ்வளவு பெரிய முழு எண் துல்லியமாக அடங்காததால், 9007199254740993 என்ற எண் 9007199254740992 ஆகும். எச்சரிக்கை எதுவும் வராது. சிறிய எண்களில் இதைக் கண்டுபிடிப்பதும் கடினம்: டபுள் 10ஐ அச்சிட்டாலும் திரையில் 10 என்றுதான் தெரியும். மதிப்பை லாங்காக வெளியே எடுக்கும் இடத்தில்தான் நிரல் முறிந்து விழும்.

ஒரு கிளை மட்டும் ஸ்ட்ரிங் (எழுத்துத் தொடர்) தந்தால் பொதுவகை கிடைக்காது. கம்பைலர் வேறு வழியின்றி ஆப்ஜெக்டை ஏற்கும், எல்லா வகைகளும் மாறாமல் நிற்கும். ஆறு மாதம் கழித்து யாரோ அந்த ஸ்ட்ரிங் கிளையை நீக்குவார். அவர் தொடாத கிளைகளின் வகை மாறும். நிரல் மறுஆய்வில் இதைப் பிடிக்க எனக்குத் தெரிந்து யாருக்கும் கண் போதாது.

ஆகவே மாற்றியதும், விடையைத் தற்காலிகமாக வார் என்று (வகையைக் கம்பைலரே தீர்மானிக்கும்படி) அறிவித்த ஒரு மாறியில் வையுங்கள். எடிட்டரில் அதன்மேல் சுட்டியை நிறுத்தினால் கம்பைலர் தேர்ந்த வகை தெரியும். டபுள் என்று வந்தால், ஏதாவது ஒரு கிளையின் மதிப்புக்கு முன் அடைப்புக்குறிக்குள் ஆப்ஜெக்ட் என்று எழுதுங்கள், ஒன்று போதும். பிழை காட்டினால் பொதுவகை இல்லை என்று பொருள். இன்று ஆபத்தில்லை, ஆனாலும் அதே ஆப்ஜெக்டை அங்கேயும் எழுதிவையுங்கள். சோதனையில் அச்சிட்ட எழுத்தை ஒப்பிடாமல், மதிப்பின் வகையைச் சொல்லும் கெட்டைப் ஃபங்ஷன் தரும் வகையை ஒப்பிடுங்கள்.

கேள்விக்குறி சேர்த்த இன்ட் வகையிலும் (வெறுமையாகவும் இருக்கக்கூடிய முழு எண்) ஒரு சிக்கல் உண்டு. ஒரு கிளை 10, மற்றொன்று டிஃபால்ட் (வகையின் இயல்பு மதிப்பு) என்றால் பொதுவகை வெறும் இன்ட். வெற்று மதிப்பை எதிர்பார்த்த இடத்தில் 0 வந்து உட்காரும். டிஃபால்டுக்குப் பதில், வெற்று மதிப்பைக் குறிக்கும் நல் என்றே எழுதினால் சரியாகிவிடும்.

ஜாவா நிரல்மொழிக்காரர்களுக்கு நிலைமை தலைகீழ். அங்கே கேள்விக்குறியும் முக்காற்புள்ளியும் கொண்ட பழைய நிபந்தனை வடிவம்தான் 1ஐயும் 2.5ஐயும் சேர்த்து டபுளாக்கும், விடை ஆப்ஜெக்டுக்குப் போனாலும். ஜாவா 14இல் நிலைபெற்ற ஸ்விட்ச் எக்ஸ்பிரஷன், ஆப்ஜெக்டில் வைக்கும்போது 1ஐ இன்டிஜராகவே (முழு எண்ணாகவே) விட்டுவிடும். அங்கே பழையதைப் புதியதாக்கினால், இதுவரை டபுளை நம்பியிருந்த நிரல் உடையும்.