திருகோணமலைக்குக் குடிவருபவர்களுக்கு: வர்ணம், வேலி, அக்கம்பக்கம்

தமிழ்நாட்டிலிருந்து திருகோணமலைக்குக் குடிவருகிறீர்களா? மொழி ஒன்றுதானே, பழகச் சிரமம் இருக்காது என்றுதான் மதுரையிலிருந்து வந்த நானும் நினைத்தேன். நகரை ஒட்டிய உப்புவெளியில் வீடு எடுத்து முன்சுவருக்குக் கிளிப்பச்சை அடித்த மறுநாள், பக்கத்து வீட்டு அம்மா கேட்டடியில் நின்றபடியே சொன்னார்: "என்ன பிள்ளை, வடிவாவே இல்லை. சலூன் மாதிரிக் கிடக்கு."

இங்கே ‘வடிவு’ என்றால் அழகு. அந்தச் சொல்லை முதலில் பழகிக்கொள்ளுங்கள், உங்கள் வீட்டைப் பற்றி அடிக்கடி காதில் விழும். முகத்துக்கு நேரே சொன்னால் சண்டைக்கு இழுக்கிறார்கள் என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். நான் அப்படி எடுத்துக்கொண்டு இரண்டு வாரம் பேசாமல் இருந்தேன். அப்புறம் குழாயில் தண்ணீர் வராத ஒரு காலையில், தன் கிணற்றில் அள்ளிக்கொள்ளச் சொன்னவரும் அவர்தான். சுவர் இன்றும் கிளிப்பச்சைதான். அவருக்கு இன்றும் அது பிடிக்காது.

வர்ணம் உங்கள் இஷ்டம், சரி. வேலி அப்படியல்ல. வந்தவுடன் உயரமாக மதில் எழுப்பத்தான் கை பரபரக்கும். நகருக்குள் மான்கள் திரிவதால் செடி வளர்ப்பவர்களுக்கு அதில் நியாயமும் உண்டு. ஆனால் தகரம் அடித்தால் உப்புக்காற்றில் துருப்பிடிக்கும், அந்தத் துரு அடுத்த வீட்டு முற்றத்திலிருந்தும் தெரியும். வெயில் காலத்தில் தென்மேற்கிலிருந்து வீசும் கச்சான் காற்றை மதில் மறித்தாலும் மனஸ்தாபம்தான். (கடையில் கச்சான் கேட்டால் வறுத்த கடலை தருவார்கள்!) எனவே எதைக் கட்டுவதானாலும் முதலில் அடுத்த வீட்டில் ஒரு தேத்தண்ணி குடித்துக்கொண்டே கதைத்துவிடுங்கள். அனுமதி வாங்க அதற்குப் பிறகு போகலாம். உப்புவெளி என்றால் போக வேண்டிய இடம் பட்டினமும் சூழலும் பிரதேச சபை.

கோயில், பள்ளிவாசல், தேவாலயம், விகாரை எல்லாம் உள்ள ஊர் இது. திருவிழா ஒலிபெருக்கியைப் பற்றிக் குறை சொல்லிக்கொண்டு திரியாதீர்கள். அடுத்த வீட்டு இளைஞரின் நள்ளிரவுப் பாட்டு வேறு விஷயம், அதைப் பற்றித் தாராளமாகப் போய்ச் சொல்லலாம். அதுவும் மறுநாள் காலையில்.

பேசித் தீராவிட்டால் பொலிஸுக்கு ஓடுமுன், பிணக்குகளைச் சமரசமாகத் தீர்த்துவைக்கும் மத்தியஸ்த சபையை நினையுங்கள். 1988ஆம் ஆண்டுச் சட்டத்தில் வந்த ஏற்பாடு, சட்டத்தரணிகளுக்கு அங்கே வேலையில்லை. எங்கள் ஒழுங்கையில் (சந்தில்) ஒரு வேப்பமரம் கொட்டும் இலைக்காக இரண்டு வீட்டார் அங்கே போனார்கள். போகும்போது இரண்டு ஆட்டோ, வரும்போது ஒன்று. மரத்தில் ஒரு கிளை மட்டும் போனது.