தனுஷ்கோடியில் ஆவணப்படம் எடுக்கப் போகிறீர்களா?

தனுஷ்கோடி என்றாலே இடிந்த தேவாலயம், மேலே ஒரு ட்ரோன், சோகமான புல்லாங்குழல். 1964 டிசம்பர் 22 இரவு அடித்த புயலைப் பற்றி இப்படி ஏகப்பட்ட வீடியோக்கள் வந்துவிட்டன, அதிலெல்லாம் ஊர் அழிந்த கதை இருக்கிறது, ஊர் இல்லை. நிதானமாகப் படமெடுக்க ஆசைப்படுகிறவர்கள் அந்த ஊரைத்தான் தேட வேண்டும் என்பது என் கருத்து.

முதல் நாள் கேமராவை எடுக்கவே வேண்டாம். 2017-இல் நிலம் முடிகிற அரிச்சல்முனை வரை சாலை போட்ட பிறகு வேன்கள் வந்துகொண்டே இருக்கும், அதனால் விடிந்ததும் போய் நடங்கள். தண்டவாளம் எந்தப் பக்கமாக வந்தது, மீனவர்கள் குடிதண்ணீருக்கு மணலில் எங்கே ஊற்று தோண்டுகிறார்கள் என்று பாருங்கள். அப்புறம்தான் பேச்சு.

பேச்சில்தான் பெரும்பாலோர் கோட்டை விடுகிறார்கள். புயல் அன்று பத்து வயதாக இருந்தவருக்கு இப்போது எழுபது தாண்டிவிட்டது. வருகிற எல்லோரும் "புயல் அன்னைக்கு என்ன ஆச்சு?" என்றே கேட்பதால் அந்தப் பதில் மனப்பாடப் பாட்டு மாதிரி ஆகிவிட்டது. அதை விட்டுவிட்டு, "ஐயா, உங்க வீட்டிலேர்ந்து ஸ்டேஷனுக்கு எப்படிப் போவீங்க?" என்று கேளுங்கள். போட் மெயில் ரயிலில் வந்தவர்கள் இலங்கையின் தலைமன்னாருக்குக் கப்பல் ஏறிய ஊர் இது, அந்தக் கூட்டத்துக்குள் புகுந்து நடந்தவர் அவர். உடனே கை எழும், வெறும் மணலைக் காட்டி இங்கே கடை, அங்கே திருப்பம் என்பார், ஒரு குச்சியைக் கொடுத்தால் கோடு போட்டே காட்டிவிடுவார். அப்போது கேமரா முகத்தைப் பார்க்கக் கூடாது, அந்தக் கையைப் பார்க்க வேண்டும்.

காற்று உங்களை விடாது. மைக்குக்குப் பஞ்சு உறை போதாது, ரோம உறை கட்டாயம், பேச்சை முடிந்தவரை குடிசைக்குள் பதிவு செய்யுங்கள். ட்ரைபாட் காலை மணலில் நன்றாக அழுத்தி ஊன்றுங்கள். அலை கொந்தளிக்கிற பக்கத்தை ஆண் கடல், அமைதியான பக்கத்தைப் பெண் கடல் என்று அங்கே சொல்வார்கள், இரண்டின் சத்தத்தையும் தனித்தனியாக, யாரும் பேசாமல், ஐந்து நிமிடமாவது எடுத்து வையுங்கள். எடிட்டிங்கில் அதுதான் கைகொடுக்கும்.

எடிட் செய்யும்போது ஒரே விஷயத்தில் பிடிவாதமாக இருங்கள்: அவர் குரலை இடிபாடுகள்மேல் போடாதீர்கள். "இங்கதான் எங்க வீடு" என்று அவர் சொல்லும்போது திரையில் அந்த இடம் இன்று எப்படி இருக்கிறதோ அப்படியே வரட்டும், வேன் நிற்கட்டும், ஒரு குடும்பம் மீன் வறுவல் சாப்பிடட்டும், ஷாட்டை ஒரு நிமிடமாவது வெட்டாமல் விடுங்கள். பார்க்கிறவர் தானாக அங்கே ஒரு வீட்டைக் கட்டிக்கொள்வார்.

ரஃப் கட் (முதல் கட்டத் தொகுப்பு) முடிந்ததும் படத்தில் பேசியவர்களிடமே போட்டுக் காட்டுங்கள். "பள்ளிக்கூடம் இந்தப் பக்கம் இல்லப்பா" என்று ஒருவர் சொல்வார், பக்கத்திலிருப்பவர் மறுப்பார். அந்தச் சண்டையையும் பதிவு செய்து இரண்டு பேர் சொன்னதையும் படத்தில் வையுங்கள்.